பாலைவனத்தில் விழுந்த பட்டங்கள்

1921-ல் பிரிட்டிஷ் விமானப் படை கெய்ரோவுக்கும் பாக்தாதுக்கும் இடையே தபால் விமானம் ஓட்டத் தொடங்கியது. திறந்த இருக்கை, முகத்தில் அறையும் காற்று, அவ்வப்போது நின்றுபோகும் எஞ்சின். திசை காட்டிக் கூட்டிப்போக இன்றைய கருவி எதுவும் கிடையாது. அதனால் தரையில் வண்டிகளை ஓட்டித் தடம் போட்டார்கள். வண்டித் தடம் பதியாத இடங்களில் கலப்பையால் உழுது அடையாளம் வைத்தார்கள். விமானி குனிந்து அந்தத் தடத்தைப் பார்த்துக்கொண்டே போக வேண்டும். பாலைவனத்தை மேலிருந்து மணிக்கணக்காக உற்றுப் பார்க்க வேண்டிய கட்டாயம் அதற்கு முன் அநேகமாக யாருக்கும் வந்ததில்லை.

ஜோர்டானின் கிழக்கே வழியில் குறுக்கிடுவது ஹர்ரா. அரபியில் எரிமலைக் குழம்பு பரவி உறைந்த நிலத்துக்கு அதுதான் பெயர். கண்ணுக்கு எட்டிய மட்டும் தேங்காய் அளவிலும் பூசணி அளவிலும் கறுப்புக் கற்கள். ஒட்டகம்கூட அங்கே கால் வைக்க யோசிக்கும். அந்தக் கறுப்பின் மேல் யாரோ விரலால் இழுத்துவிட்ட மாதிரி கோடுகள் ஓடுவதை விமானிகள் கண்டார்கள். வட்டங்கள், நட்சத்திர வடிவங்கள், கிலோமீட்டர் கணக்கில் நீளும் வால்கள். கீழே இறங்கிப் போய்ப் பார்த்தால் முழங்கால் உயரத்துக்குக் கற்குவியல், அவ்வளவுதான்.

இவர்களில் பெர்சி மெயிட்லண்ட் என்ற விமானி 1927-ல் ஒரு கட்டுரை எழுதினார். அந்த ஆண்டுதான் தொடங்கிய ‘ஆண்டிக்விட்டி’ என்ற தொல்லியல் இதழில் அது வந்தது. இவற்றைக் கட்டியது யார் என்று பெதூயின் நாடோடி மக்களிடம் கேட்டால், ‘பழைய பெரியவர்கள் செய்த வேலை’ என்று சொன்னார்களாம். அந்தப் பதிலையே அவர் கட்டுரைக்குத் தலைப்பாக வைத்துவிட்டார். நம்மூரில் கற்திட்டையைக் காட்டிக் கேட்டால் பாண்டவர் பெயரைச் சொல்வார்கள் அல்லவா, அதே ரகம். இரண்டு வருடம் கழித்து, 1929-ல், ரீஸ் என்ற இன்னொரு விமானப்படை அதிகாரி இந்த உருவங்களுக்குப் ‘பட்டம்’ என்று பெயர் வைத்தார். சிறுவர்கள் விடும் பட்டம்தான். மேலிருந்து பார்த்தால் உடல் ஒன்றும் அதிலிருந்து விரியும் இரண்டு நீள வால்களுமாக, அறுந்துபோய்ப் பாலையில் விழுந்து கிடக்கும் பட்டம் போலவே இருக்கும். ஒரு நூற்றாண்டு ஆகியும் அந்தப் பெயர் மாறவில்லை.

பாலைவனக் கிரகங்களைக் காட்டும் சினிமாக்களில் எப்போதும் ஒரு மர்மமான கல் எழும்பி நிற்கும். கதாநாயகன் அதன் நிழலில் எறும்பு மாதிரி தெரிவான். நிஜப் பாலைவனத்தின் மிகப் பெரிய மர்மங்கள் நேர்மாறானவை. அவை எழும்பி நிற்கவில்லை, படுத்துக் கிடக்கின்றன. மேல் ஏறி நின்றுகொண்டே ‘எங்கே இருக்கிறது?’ என்று தேடலாம்.

செயற்கைக்கோள் படங்கள் வீட்டுக் கணினிக்கு வந்தபிறகு கதை வேகம் பிடித்தது. இன்று கணக்கில் உள்ள பட்டங்கள் 6,000-க்கும் மேல். சவுதி அரேபியா, ஜோர்டான், சிரியாவில் தொடங்கி ஆர்மீனியா, கஜகஸ்தான், உஸ்பெகிஸ்தான் வரை சிதறிக் கிடக்கின்றன. ரெமி க்ராஸார் என்ற பிரெஞ்சு தொல்லியலாளரின் தலைமையில் ஒரு குழு இவற்றை மட்டுமே வருடக்கணக்காக ஆராய்ந்திருக்கிறது.

இவை எதற்கு? ஆட்டுப் பட்டி, கோட்டை, வழிபாட்டு இடம் என்று பல விளக்கங்கள் வந்து போயின. அகழ்ந்து பார்த்தபோதுதான் விடை கிடைத்தது. பட்டத்தின் உடல் பகுதியின் ஓரம் நெடுகச் சிறு வட்டங்கள் ஒட்டிக்கொண்டிருக்கும். காவலாளியின் குடிசை என்று நினைத்திருந்த அந்த வட்டங்களைத் தோண்டினால் அவை கீழே இறங்கிக்கொண்டே போயின. எல்லாம் குழிகள். சிலவற்றின் ஆழம் 4 மீட்டர் வரை. விழுந்தது எதுவும் ஏறி வர முடியாது. பட்டம் முழுவதுமே ஒரு பொறி. அதில் மாட்டியது முக்கியமாக கெஸல் என்னும் சிறு மான்.

இங்கே ஒரு நியாயமான சந்தேகம் வரும். எனக்கும் வந்தது. மான் தாண்டாதா? வால் என்று சொன்ன அந்த நீளச் சுவர்கள் பல இடங்களில் முழங்காலைத் தொடாது, சில இடங்களில் வெறும் கல் வரிசை. ஆளுயரம் துள்ளுகிற பிராணிக்கு அது ஒரு தடையா?

தடையே இல்லைதான். ஆனால் கூட்டமாக மிரண்டு ஓடும் மான் தடை எது என்று அளந்து பார்ப்பதில்லை. திறந்த வெளியில் பிறந்து வளர்ந்த பிராணி அது. தரையில் நீளமாக ஒரு கோடு தெரிந்தால் அதைக் கடப்பதைவிட அதன் கூடவே ஓடுவது அதற்குச் சுலபம். அமெரிக்காவில் ப்ராங்ஹார்ன் என்று மான் போன்ற ஒரு விலங்கு உண்டு, தரைவாழ் விலங்குகளில் வேகத்தில் சிவிங்கிப்புலிக்கு அடுத்தபடி. அது இன்றும் பண்ணைக் கம்பி வேலியைத் தாண்டத் துணியாது. ஒன்று வேலியோரமாகவே ஓடும், இல்லையென்றால் கம்பிக்கு அடியில் நுழைந்து போகும். வடதுருவப் பகுதியின் இனுயிட் மக்கள் கரிபு மான்களை மடக்கப் பல இடங்களில் சுவர்கூடக் கட்டவில்லை. இடைவெளி விட்டுவிட்டு ஆளைப்போல் கல் அடுக்கி வைத்தார்கள், அது போதுமானதாக இருந்தது. பாலைவன வேட்டைக்காரனும் மானின் காலுக்கு வேலி கட்டவில்லை, அதன் கண்ணுக்குத்தான் கட்டினான்.

இரண்டு வால்களும் தொடங்குகிற இடத்தில் ஒன்றுக்கொன்று வெகு தூரத்தில் இருக்கும். சில நூறு மீட்டரிலிருந்து சில கிலோமீட்டர் வரை அப்படியே ஓடி, போகப்போக நெருங்கும். மந்தைக்கு இது தெரியாது. கடைசியில் குறுகலான ஒரு வாய். பல பட்டங்களில் அந்த வாயை நிலம் சரியும் இடத்தில், மேட்டின் விளிம்பைத் தாண்டி அமைத்திருக்கிறார்கள். அந்தப் பக்கம் என்ன இருக்கிறது என்று ஓடிவரும் மானுக்குத் தெரியவரும்போது நிற்க நேரம் இருக்காது. உள்ளே சுவர் உயரமாகிவிடும். மூலையில் மட்டும் சுவர் தாழ்ந்திருக்கும். அதுதான் தப்பிக்கும் வழி என்று எண்ணித் தாவினால் அந்தப் பக்கம் குழி.

சிரியாவின் வடகிழக்கே டெல் குரான் என்ற மேட்டில், பட்டங்களுக்கு அருகிலேயே, மான் எலும்புகள் ஒரே அடுக்கில் குவிந்து கிடந்தன. குட்டி, தாய், கிடா என்று வித்தியாசமில்லாமல் ஏறக்குறைய நூறு மான்கள். எலும்புகளில் பெரும்பாலானவை கால் பகுதி. ஒரு மந்தையை மொத்தமாகச் சாய்த்து, கறி குறைந்த பாகங்களை அங்கேயே வெட்டிப் போட்டுவிட்டு மற்றதைக் கொண்டுபோயிருக்கிறார்கள். பொறி எவ்வளவு நன்றாக வேலை செய்தது என்பதற்கு இதைவிடச் சாட்சி தேவையில்லை. மான்களுக்கு அது நல்ல செய்தி அல்ல.

ஆக, பட்டங்களின் மர்மத்தில் பாதி தீர்ந்தது. மறுபாதிக்குப் பிறகு வருகிறேன். அதற்குள் வடமேற்கு சவுதியில் இன்னொரு வகை உருவங்கள் வரிசையில் நிற்கின்றன.

இவற்றுக்கு முஸ்ததீல் என்று பெயர். அரபியில் செவ்வகம் என்று அர்த்தம், வேறு பொடி எதுவும் வைக்காத பெயர். ஆரம்பத்தில் ஆய்வாளர்கள் ‘கதவுகள்’ என்றுகூட அழைத்துப் பார்த்தார்கள். வானிலிருந்து பார்த்தால் வயலில் கழற்றிக் கிடத்திய இரும்புக் கேட் மாதிரி இருக்கும். இரண்டு முனையிலும் தடித்த கல் மேடை, நடுவே அவற்றை இணைக்கும் நீண்ட இணைச் சுவர்கள். சின்னது 20 மீட்டர், பெரியது 600 மீட்டரையும் தாண்டும். அல்-உலா, கைபர் வட்டாரங்களையும் சுற்றுப்புறத்தையும் சேர்த்து 1,600-க்கும் மேல் எண்ணியிருக்கிறார்கள். மதீனாவுக்கும் தபூக்குக்கும் இடையே நெடுஞ்சாலையில் லாரி ஓட்டிய நம்மவர்கள் பலர் இந்தப் பகுதியைக் கடந்திருப்பார்கள். பார்த்திருந்தாலும் பழைய ஆட்டுக் கொட்டகை என்றுதான் நினைத்திருப்பார்கள், அவர்களைக் குறை சொல்ல முடியாது.

இது பொறியாக இருக்க வாய்ப்பில்லை. வால் இல்லை, குழி இல்லை, சுவர் இடுப்புக்குக் கீழே. நான்கு பக்கமும் அடைத்த இடத்துக்குள் மானை எப்படி ஓட்டுவது? மழைநீர் சேமிக்கவும் உதவாது, ஏனென்றால் சில செவ்வகங்கள் எரிமலைச் சரிவிலேயே சாய்ந்து படுத்திருக்கின்றன. அப்புறம் எதற்கு இத்தனை டன் கல்லைத் தூக்கினார்கள்?

மேற்கு ஆஸ்திரேலியப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஹியூ தாமஸ், மெலிசா கென்னடி குழுவினர் அல்-உலாவுக்கு அருகே அகழ்ந்தார்கள். தலைப் பக்க மேடையின் நடுவில் ஒரு சின்ன அறை. அதற்குள் கொம்புகள். மாட்டுக் கொம்பு, ஆட்டுக் கொம்பு, மண்டையோட்டின் மேல்பகுதி. உடம்பின் மற்ற எலும்புகள் இல்லை. அறுத்துச் சமைத்த இடமென்றால் விலா எலும்பும் தொடை எலும்பும் கிடக்க வேண்டும். இங்கே கிடந்தது வெட்டி, தேர்ந்து, கொண்டுவந்து வைத்தது. 2023-ல் அவர்கள் வெளியிட்ட இன்னொரு அகழாய்வில் 140 மீட்டர் நீளமுள்ள ஒரு செவ்வகத்தின் அறைக்குள் சுமார் 260 துண்டுகள் கிடைத்தன. பெரும்பாலும் மாடு, கூடவே வெள்ளாடு, கெஸல். நட்ட கல் ஒன்று நடுவில் நிற்க, கொம்புகள் அதைச் சுற்றி வைக்கப்பட்டிருந்தன. சிலை இல்லை, முகம் செதுக்கவில்லை, வெறும் கல். நடுகல்லுக்குப் படையல் வைத்துப் பழகிய நமக்கு அந்தக் காட்சியை விளக்க வேண்டியதே இல்லை. ஆனால் இரண்டுக்கும் தொடர்பு உண்டு என்று யாராவது கிளம்பினால் நம்பாதீர்கள். கல்லை நட்டு வைத்துக் கும்பிடுவது மனிதர்கள் எங்கும் தனித்தனியாகக் கண்டுபிடித்துக்கொண்ட பழக்கம்.

கட்டிடத்தின் அமைப்பே நடந்ததைப் பாதி சொல்லிவிடுகிறது. வாசல் ஒரு கோடியில், அறை மறு கோடியில். நடுவே, பெரியவற்றில் நூறு மீட்டரோ அதற்கு மேலோ நீளமான முற்றம். வாசல் குறுகல், ஒரு நேரத்தில் ஒருவர்தான் நுழையலாம். இடுப்புயரம்கூட இல்லாத சுவரைத் தாண்டிக் குறுக்கே போக யாருக்கும் முடியும், ஆனாலும் போகவில்லை என்றே தோன்றுகிறது. வரிசையாக நடந்துபோய்க் கொம்பை வைத்துவிட்டுத் திரும்பியிருக்க வேண்டும். எல்லாம் முடிந்தபின் வாசலைக் கல்லால் அடைத்திருக்கிறார்கள்.

அதே 140 மீட்டர் செவ்வகத்தின் தலைப் பக்கம் ஒட்டினாற்போல ஒரு கல் பெட்டிக்குள் நடுத்தர வயது ஆண் ஒருவரின் எலும்புகளும் இருந்தன. மூட்டுத் தேய்மானம் அவரை வாட்டியிருந்தது எலும்பில் தெரிந்தது. கொம்புகள் வைக்கப்பட்ட காலத்துக்குச் சில நூறு ஆண்டுகள் கழித்து அவரை அங்கே அடக்கம் செய்திருக்கிறார்கள். கட்டியவர்கள் போன பிறகும் ‘இது சாதாரண இடம் இல்லை’ என்ற பேச்சு அந்த வட்டாரத்தில் இருந்திருக்கிறது.

கொம்பும் எலும்பும் கரியும் கிடைத்ததால் கதிரியக்கக் கார்பன் முறையில் வயது சொல்ல முடிந்தது. கி.மு. 5300-க்கும் 5000-க்கும் இடையில். கீசாவின் பெரிய பிரமிடு எழுவதற்கு இரண்டாயிரம் ஆண்டுக்கும் முன்பு. எலும்பு கிடைக்காத கட்டிடங்களுக்கு வேறு வழி உண்டு, அதைச் சொல்லாமல் போக மனம் வரவில்லை. சுவருக்கு அடியில் கிடக்கும் மணலை எடுக்கிறார்கள். மண்ணில் இயல்பாகவே இருக்கும் மெல்லிய கதிரியக்கம் ஒவ்வொரு மணல் பரலுக்குள்ளும் கொஞ்சம் கொஞ்சமாக ஆற்றலைச் சேர்த்துக்கொண்டே வரும், உண்டியலில் காசு விழுகிற மாதிரி. வெயில் பட்டால் உண்டியல் காலி. கல்லைத் தூக்கி மேலே வைத்த நாளோடு அந்தப் பரலுக்கு வெயில் படுவது நின்றுபோனது, மறுபடி முதலிலிருந்து சேர ஆரம்பித்தது. மணலை வெளிச்சம் படாமல் எடுத்துவந்து இருட்டறையில் அதன்மேல் குறிப்பிட்ட ஒளியைப் பாய்ச்சினால் சேர்ந்ததெல்லாம் மங்கலான ஒளியாக வெளியே வரும். அதை அளந்து, ஆண்டுக்கு எவ்வளவு சேரும் என்பதால் வகுத்தால் கல் வைத்த காலம்.

சரி, மாடு. இதுதான் எல்லாவற்றிலும் இடறுகிற விஷயம். ஆடு எதையாவது மேய்ந்து பிழைத்துக்கொள்ளும், ஒட்டகத்தைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். மாடு அப்படியா? வெயில் காலத்தில் நாளுக்கு முப்பது நாற்பது லிட்டர் தண்ணீர் கேட்கும். அந்த வடமேற்கு அரேபியாவில் இன்று ஒரு மாட்டை அவிழ்த்துவிட்டால் மூன்று நாள் தாங்காது. மந்தை மந்தையாக மாடு வளர்த்து, அதன் கொம்பைக் கொண்டுபோய்க் கல்லுக்கு வைக்கிற அளவுக்கு மாடு பெருத்திருந்தது என்றால், அந்த நிலம் இன்றைய நிலமாக இருந்திருக்க முடியாது.

இருக்கவில்லை. பம்பரம் வேகம் குறையும்போது தலையாட்டுகிறதே, பூமியின் அச்சும் அப்படி மிக மெதுவாகத் தலையாட்டுகிறது. அதன் விளைவாக, பூமி சூரியனுக்கு மிக அருகில் வரும் நாள் ஆண்டின் மாதங்களுக்குள் நகர்ந்துகொண்டே போகும். ஒரு சுற்று முடிய இருபதாயிரம் ஆண்டுக்குமேல் ஆகும். இப்போது அந்த நாள் ஜனவரி முதல் வாரத்தில் வருகிறது. சுமார் 11,000 ஆண்டுகளுக்கு முன்பு வடகோளத்தின் கோடையில் வந்தது. கோடை வெயில் இன்றைவிட உக்கிரம். நிலம் அதிகம் சூடேறினால் கடல் காற்றை அதிகம் உள்ளே இழுக்கும், பருவமழை வடக்கே ஏறும். சஹாராவில் ஏரிகள் நிரம்பின. அரேபியாவிலும் ஜுப்பா, தைமா போன்ற இடங்களில் தண்ணீர் நின்றது, மேய்ச்சல் புல் முளைத்தது. ஓமானின் குகைகளில் சொட்டுச் சொட்டாக வளர்ந்த சுண்ணாம்புத் தூண்கள் இந்த மழையின் ஏற்ற இறக்கத்தை அடுக்கடுக்காகப் பதிந்து வைத்திருக்கின்றன. நமக்குத் தென்மேற்குப் பருவமழை கொண்டுவரும் அதே காற்றின் ஓரம் இன்றும் ஓமானின் சலாலாவைத் தொட்டுப் போகிறது. ஜூன் முதல் செப்டம்பர் வரை அங்கே தூறலும் மூடுபனியும், மலையெல்லாம் பச்சை. அந்த ஓரம் மேலும் வடக்கே ஏறியிருந்த காலம் ஒன்று இருந்தது. காடு அளவுக்கு என்று எண்ண வேண்டாம். புல்வெளி, குட்டை, பெய்த வருடம் கொண்டாட்டம், பொய்த்த வருடம் திண்டாட்டம். கல்லுக்கு மாட்டுக் கொம்பு வைத்தவர்கள் மழையை வேண்டித்தான் வைத்தார்களா என்று சிலர் கேட்கிறார்கள். எனக்கும் அந்தப் பக்கம்தான் சாய்வு, ஆனால் கொம்பு அதைச் சொல்லாது. பிறகு பம்பரம் நகர்ந்தது, மழை தெற்கே இறங்கியது, புல் போயிற்று. ஏர் ஓடவில்லை, வீடு கட்டக் கல்லைப் பிடுங்க ஆளில்லை. கட்டியவர்களின் பிழைப்பை அழித்த வறட்சிதான் அவர்கள் கட்டியதைக் காப்பாற்றி வைத்திருக்கிறது.

இப்போது பட்டங்களின் மறுபாதி.

முழு உருவமும் மேலிருந்து மட்டுமே தெரியும் என்றால் மேலிருந்து பார்க்கத்தானே வரைந்தார்கள் என்று ஒரு கூட்டம் வேற்றுக்கிரகத்துக்கு ஆள் அனுப்பிவிடும். வேட்டைப் பொறிக்கு வானத்திலிருந்து ரசிகர் தேவையில்லை. ஆனால் அந்தக் கேள்விக்குள் ஒரு நல்ல கேள்வி ஒளிந்திருக்கிறது. கிலோமீட்டர் கணக்கில் நீளும் ஒன்றை, ஒரே பார்வையில் ஒருபோதும் பார்க்க முடியாத ஒன்றை, அவர்கள் எப்படி மனதில் வைத்துக் கட்டினார்கள்?

2015-ல் ஜோர்டானின் தென்கிழக்கே ஜிபால் அல்-கஷாபியே என்ற இடத்தில் வேட்டைக்காரர்கள் தங்கிய பழைய முகாம் ஒன்றைத் தோண்டியபோது ஒரு கல் கிடைத்தது. உயரம் 80 சென்டிமீட்டர், எடை 92 கிலோ. அதில் பட்டம் செதுக்கப்பட்டிருந்தது. வால்களின் தொடக்கம், குறுகும் வாய், உடலின் வளைவு, ஓரம் நெடுகக் குழிகள். சுமார் 9,000 ஆண்டு பழையது. சவுதியில் ஜெபல் அஸ்-ஸில்லியாத் என்ற இடத்தில் இன்னொன்று. அது தூக்க முடியாத பாறை, 3.8 மீட்டர் நீளமான சித்திரம், அதில் அக்கம்பக்கமாக இரண்டு பட்டங்கள், சுமார் 8,000 ஆண்டு.

வடிவம் போல ஏதோ கிறுக்கியிருந்தால் இதில் ஆச்சரியம் இல்லை. க்ராஸார் குழுவினர் அந்தச் செதுக்கல்களை நிலத்தில் உள்ள நிஜப் பட்டங்களோடு கணக்குப் போட்டு ஒப்பிட்டார்கள். எங்கோ உள்ள பட்டங்களோடு அல்ல, பக்கத்தில் உள்ளவற்றோடு பொருந்தியது. வளைவு வளைவின் இடத்தில், குழி குழியின் இடத்தில், விகிதம் கெடாமல். ஜோர்டான் கல்லில் அளவு ஏறக்குறைய 1:425, சவுதிப் பாறையில் 1:175. நிலத்தை ஒரே விகிதத்தில் சுருக்கிக் காட்டும் படங்களில் இதுவரை கிடைத்தவற்றுள் இவையே மிகப் பழையவை. மெசொப்பொத்தேமியாவின் களிமண் வரைபடங்களெல்லாம் பல ஆயிரம் ஆண்டு பின்னால்.

கட்டும் முன் போட்ட திட்டமா, கட்டியதை மற்றவர்க்கு விளக்கப் போட்ட படமா என்று ஆய்வாளர்கள் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறார்கள். நான் இரண்டாவது கட்சி. மந்தை வரும் நாளில் யார் எந்த வாலோரம் பதுங்குவது, யார் எப்போது எழுந்து கத்துவது, எந்தக் குழிக்கு யார் என்பதெல்லாம் முன்கூட்டியே பேசி முடித்திருக்க வேண்டும். ஒருவன் முந்தி எழுந்தால் மந்தை திரும்பிவிடும், ஒரு பருவத்துச் சாப்பாடு போச்சு. நிலத்தில் நின்று கையை நீட்டிக் காட்டினால் எதிரே இருப்பது கறுப்புக் கல் மட்டும்தான். நடந்து நடந்து காலால் அளந்ததை ஒருவர் கல்லில் இறக்கி, முகாமில் எல்லோரும் சுற்றி உட்கார்ந்து பார்க்கும்படி வைத்திருக்கிறார். 5 மீட்டர் அகலக் குழி என்று வைத்துக்கொண்டால், 1:425 கணக்கில் அது கல்லில் ஒரு சென்டிமீட்டருக்குச் சற்று அதிகம். விரல் நுனியை வைத்து ‘நீ இங்கே’ என்று சொல்லச் சரியான அளவு.